டூரிங் ஓபரா கண்டக்டர்களோடு உங்கள் அனுபவம்

பிட்_வயலின்:
இங்கிலாந்துல ஊர் ஊராப் போற ஒரு டூரிங் கம்பெனி, 'மேடம் பட்டர்ஃபிளை' ஓபரா. நான் எக்ஸ்ட்ரா செகண்ட் வயலின். ஊருக்கு ஊர் வேற பிட் (மேடைக்கு முன்னாடி வாத்தியக்காரங்க உட்கார்ற பள்ளம்), சாயங்காலம் குரலும் வாத்தியமும் பேலன்ஸ் ஆகுதான்னு பார்க்க ஒரு சின்ன ரிகர்சல், அவ்வளவுதான். வார்த்தையே இல்லாம எல்லாரும் சேர்ந்து முனகிப் பாடுற ஹம்மிங் கோரஸ் வருது. பாடுறவங்க எல்லாம் மேடைக்குப் பின்னாடி, எங்களுக்கு பிட்சிகாட்டோ, அதாவது வில் இல்லாம விரலால கம்பியைச் சுண்டுறது. அன்னிக்குப் பார்த்து, கண்டக்டரைக் காட்டுற பின்மேடை மானிட்டர் திரை அணைஞ்சுபோச்சு. குச்சியால தாளம் காட்டி எங்களை நடத்துற கண்டக்டரோட கை அவங்களுக்குத் தெரியாது. ரெண்டு தாளக்கட்டுலயே குரல் பின்தங்குது. அவர் குச்சியை இறக்கிட்டார். மேடைப் பக்கம் தலையைச் சாய்ச்சுக் கேட்டுக்கிட்டே, இடது கையில ஒரே ஒரு விரலை அசைச்சார். அந்த விரலைப் பார்த்தே மொத்த பிட்டும் கம்பியைச் சுண்டினோம். முடிஞ்சப்புறம் அதைப் பத்தி ஒரு வார்த்தை பேசல, கோட்டை எடுத்துக்கிட்டுப் போயிட்டார். இன்னும் மனசுல உறுத்துது.

சோப்ரானோ_சுபா:
எல்லாப் பெருமையும் கண்டக்டருக்கா? 20 மீட்டர் பின்னால நின்னா எங்க குரல் பிட்டுக்கு வரவே 0.06 நொடி ஆகும். அதனாலதான் கண்டக்டர் கைக்குக் கொஞ்சம் முன்னாடியே பாடப் பழகியிருக்கோம். மானிட்டர் போனா பிட்டைக் கேட்டுத்தான் பாடணும், தாமதம் ரெட்டிப்பாகும். அப்பவும் சுருதி இறங்காம, சீரா பாடினதாலதான் அவரால பின்தொடர முடிஞ்சது. எங்க கம்பெனியில ஒருதடவை இதே மாதிரி ஆனப்போ, அசிஸ்டன்ட் கண்டக்டர் செட் இடுக்கு வழியா பிட்டைப் பார்த்துக்கிட்டு, கையில டார்ச்சோட எங்களுக்குத் தாளம் காட்டினார். அவர் பேரை யாரும் சொல்றதில்லை.

மேல்மாடி_ரசிகன்:
வெல்ஷ் நேஷனல் ஓபரா பர்மிங்ஹாம் ஹிப்போட்ரோமுக்கு வந்தபோது பக்கவாட்டு இருக்கையிலிருந்து பார்த்தேன். பாடகி மூச்சு எடுக்கும்போதெல்லாம் கண்டக்டரும் வாயைத் திறந்து மூச்சு எடுத்தார். மேடையைவிட அவரையே அதிகம் பார்த்தேன்.

கண்டக்டர் வேலைக்கு வர நினைக்கும் தம்பி தங்கைகளுக்கு: முதலில் பியானோவில் அமர்ந்து பாடகர்களுக்குப் பயிற்சி கொடுங்கள். வரிகளைப் பொருளோடு மனப்பாடம் செய்யுங்கள், ஸ்கோரில் (இசைக்குறிப்புப் புத்தகத்தில்) மூச்சிடங்களைக் குறியுங்கள். புது அரங்குக்குப் போனதும் அசிஸ்டன்டிடம் குச்சியைக் கொடுத்துவிட்டு பால்கனியில் நின்று கேளுங்கள். பித்தளை வாத்தியங்கள் குரலை அமுக்குவது பிட்டிலிருந்து தெரியாது. வாய்ப்பு சொல்லிக்கொண்டு வராது. 1886இல் ரியோ டி ஜெனீரோவில், சுற்றுப்பயணம் வந்த இத்தாலியக் குழுவில் செல்லோ வாசித்துக்கொண்டிருந்த, பின்னாளில் புகழ்பெற்ற கண்டக்டரான டோஸ்கனினி, கண்டக்டர் பிரச்சினையில் திடீரென்று மேடையேற்றப்பட்டார். வயது 19. 'ஐடா' ஓபரா முழுவதையும் ஸ்கோர் பார்க்காமல் நடத்தினார்.

பிட்_வயலின்:
சுபா, நீங்க சொல்றது நியாயம், கோரஸ் அன்னிக்கு சுருதி அசையல. ரசிகன் சார், நான் கண்டக்டர் ஆகப் போறதில்லை. நான் கேக்குறது ஒண்ணுதான்: இப்படி ஒரு ராத்திரிக்கு அப்புறம் உங்க கம்பெனியில கண்டக்டர் பிட்டுக்கு வந்து ஏதாவது பேசுவாங்களா?