விடுதலைக்குப் பின்னும் அனுமதி கேட்கும் அண்ணா

கேள்வி: வெள்ளவத்தை வாசகி

இலங்கையின் பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் கீழ் நீண்ட காலம் தடுத்து வைக்கப்பட்டு, பின்னர் குற்றமற்றவர் என விடுவிக்கப்பட்ட என் அண்ணா இப்போது எங்களுடன் இருக்கிறார். வாசற்கதவு திறந்தே கிடந்தாலும் "போகலாம்" என்று யாராவது சொல்லும்வரை அதனருகிலேயே நிற்கிறார். தண்ணீர் குடிப்பதற்கும் அம்மாவிடம் கேட்கிறார். அடி வாங்கியதைப் பற்றி அதிகம் பேசுவதில்லை; தவணை மேல் தவணையாக வழக்குத் தள்ளிப்போனதையே திரும்பத் திரும்பச் சொல்கிறார். ஒரு மனிதரை இப்படி ஆக்குவது எது?

மறுமொழி: புதுக்கடை

நீதிமன்றங்களில் இத்தகைய வழக்குகளைத் தொடர்ந்து பார்த்து வருபவன் என்ற முறையில் எழுதுகிறேன். 1979இல் தற்காலிக ஏற்பாடாக வந்த இச்சட்டம் 1982இல் நிரந்தரமாக்கப்பட்டது. அமைச்சரின் கட்டளையால் மும்மூன்று மாதங்களாக நீடித்து 18 மாதங்கள்வரை ஒருவரைத் தடுத்து வைக்கலாம் என்றிருந்ததை, 2022ஆம் ஆண்டின் திருத்தம் 12 மாதங்களாகக் குறைத்தது. ஆனால் அதன்பின் தொடங்கும் விளக்கமறியல், அதாவது நீதிமன்ற உத்தரவின்பேரில் வழக்கு முடியும்வரை சிறையில் வைத்திருப்பது, பலருக்கு ஆண்டுக்கணக்கில் நீண்டிருக்கிறது. தண்டனை பெற்றவருக்கு வெளியே வரும் நாளாவது தெரியும், சந்தேகநபருக்கு அதுவும் தெரியாது. அரசின் தலைமைச் சட்ட அதிகாரியான சட்டமா அதிபரின் ஆலோசனை வரவில்லை என்று பொலிஸார் சொல்ல, கோப்பு முழுமையாகக் கிடைக்கவில்லை என்று அவரது திணைக்களம் சொல்ல, நீதவான் அடுத்த தவணையைக் குறித்துவிட்டு அடுத்த வழக்கை எடுப்பார். தத்தம் மேசை வேலையை எல்லோரும் முடித்துவிடுகிறார்கள், கூண்டில் நிற்பவருக்குப் பதில் சொல்லத்தான் ஒருவருமில்லை. அடியைவிட இதுவே ஆளை அதிகம் சிதைக்கிறது என்பது என் உறுதியான எண்ணம்.

இன்னொன்றும் உண்டு. உதவிப் பொலிஸ் அத்தியட்சகர் தரத்துக்குக் குறையாத அதிகாரியிடம் அளித்த ஒப்புதல் வாக்குமூலத்தை இச்சட்டத்தின் 16ஆம் பிரிவு சான்றாக ஏற்கிறது. அது பலவந்தமாகப் பெறப்பட்டது என நிரூபிக்கும் பொறுப்பும் கைதியின் தலையிலேயே விழுகிறது. சிங்களம் வாசிக்கத் தெரியாமலே சிங்களத் தாளில் கையொப்பமிட்டவர்கள் பலர்.

மறுமொழி: ஒரு கைதியின் மனைவி

சகோதரி, நான் கட்டிக்கொண்டு போன சோற்றுப் பொட்டலத்தைக் கிளறிப் பார்த்துவிட்டுத் திருப்பித் தந்த நாள்கள் உண்டு. காரணம் கேட்டால், விதி அப்படி என்பார்கள். காலப்போக்கில் நானே கேட்பதை நிறுத்திவிட்டேன். வெளியே இருந்த எனக்கே இப்படியென்றால், உள்ளே இருந்தவரைச் சொல்லவா வேண்டும்?

அண்ணா அனுமதி கேட்கும்போது "சரி" என்று சொல்லாதீர்கள், "உங்களுக்கு எது விருப்பம்?" என்று கேட்டுவிட்டுப் பொறுமையாக இருங்கள். என் கணவருக்கு எந்தச் சட்டை வாங்குவது என்று தாமே தீர்மானிக்கவே நெடுநாள் எடுத்தது. தேசிய மனநல நிறுவகத்தின் 1926 இலக்கத்துக்கு அழைத்து ஆலோசனையும் பெறலாம்.

மறுமொழி: பம்பலப்பிட்டி

இன்னமும் உள்ளே உறவினர் இருப்போருக்காக ஒன்று. இச்சட்டத்தின் கீழான கைதை 48 மணித்தியாலங்களுக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவுக்கு அறிவிக்க வேண்டும் என்று 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டம் கூறுகிறது. அறிவித்தார்களா என்று ஆணைக்குழுவிடம் நீங்களே விசாரியுங்கள். கைதான இடம், நேரம், அழைத்துச் சென்றவரின் பதவி ஆகியவற்றை அன்றே எழுதி வையுங்கள்.