பெஸ் மையர்சன்: 1945இல் கிரீடம், டிவியில் எப்படி நிலைத்தார்? நகையைச் சுற்றி ஏன் கருப்பு வளையம்?

கருப்புவெள்ளை: பெஸ் மையர்சன் வந்த 'தி பிக் பேஆஃப்' டிவி பரிசுப் போட்டியின் துண்டுக் காட்சிகள் சில பார்த்தேன். மிஸ் அமெரிக்கா பட்டம் ஒரு வருஷத்தோடு முடிந்துவிடும். இவர் மட்டும் 1951இல் டிவிக்கு வந்து அத்தனை வருஷம் எப்படி நீடித்தார்? இன்னொன்று, அவர் காதணியைச் சுற்றிக் கருப்பாக ஒரு வளையம் தெரிகிறது. பிரதி கெட்டுவிட்டதா?

பழையபெட்டி: பட்டம் அவருக்குப் பெரிதாக எதையும் தரவில்லை என்பதே உண்மை. பட்டம் வென்ற முதல் யூதப் பெண் அவர். விளம்பரதாரர்கள் ஒதுங்கினார்கள், சில விடுதிகள் இடம் தர மறுத்தன. ஊர் ஊராகப் போய் இனவெறிக்கு எதிராகப் பள்ளிகளில் பேசினார். மேடையில் தடுமாறாமல் பேசும் பழக்கம் அப்போது வந்தது. நேரலை டிவிக்கு வேண்டியதும் அதுதான். உளறினால் வெட்டி எறிய வழியில்லை. 'பிக் பேஆஃப்'பில் ஆண்கள் கேள்விக்குப் பதில் சொல்லி மனைவிக்குப் பரிசு வாங்குவார்கள். பரிசான மிங்க் (கீரி போன்ற விலங்கு) ரோமக் கோட்டை அணிந்து காட்டுவது இவர் வேலை. ஸ்டூடியோ விளக்குச் சூட்டில் ரோமக் கோட், தண்டனைதான்!

ஆர்த்திகான்: பிரதியில் கோளாறு இல்லை, அது கேமரா குழாயின் குணம். அன்றைய டிவி கேமராக்களில் இருந்த இமேஜ் ஆர்த்திகான் குழாயில், மிகப் பிரகாசமான புள்ளி படம் பதியும் இலக்குத் தகட்டில் விழுந்தால் இரண்டாம்நிலை எலக்ட்ரான்கள் தெறிக்கும். அவை அக்கம்பக்கத்தில் படிந்து அந்த இடத்தைக் கருப்பாக்கும். பளபளக்கும் நகை, ஜரிகை, தூய வெள்ளைத் துணி எல்லாமே ஆபத்து. அதனால் நகையில் சோப்போ மெழுகோ தேய்த்து மங்கலாக்குவார்கள், வெள்ளைச் சட்டைக்குப் பதில் வெளிர் நீலம் போடச் சொல்வார்கள். லென்ஸ் துளையைக் குறுக்கலாம், ஆனால் முகமும் சேர்ந்து இருண்டுவிடும். மிங்க் ரோமத்தில் இந்தத் தொல்லை இல்லை, சாம்பல் நிறத்தில் பல படிகள் அழகாகத் தெரியும்.

பழையபெட்டி: ஒன்று விட்டுப்போச்சு. 1954இல்தான் மிஸ் அமெரிக்கா போட்டி முதன்முதலாக நாடெங்கும் ஒளிபரப்பானது, சுமார் 2.7 கோடிப் பேர் பார்த்தார்கள். அதில் வர்ணனை சொன்னவரும் மையர்சனே. 1968 வரை அந்த ஒளிபரப்பில் இருந்தார். அன்று வென்ற லீ மெரிவெதருக்கு அடுத்த வருஷமே 'டுடே' என்ற காலை டிவி நிகழ்ச்சியில் வேலை கிடைத்தது. மையர்சன் ஆறு வருஷம் காத்திருந்ததை இதோடு ஒப்பிடுங்கள். என் கணக்கில் அவருடைய நல்ல வேலை 'ஐவ் காட் எ சீக்ரெட்', 1958 முதல் 1967 வரை. போட்டியாளரின் ரகசியத்தை நால்வர் குழு கேள்வி கேட்டு யூகிக்கும் நிகழ்ச்சி அது, மையர்சன் குழுவில் ஒருவர். ஆளுக்கு 30 நொடி, ஒருவர் யூகிக்காமல் விட்டால் போட்டியாளருக்கு 20 டாலர், நான்கு பேரும் தோற்றால் 80. கடைசியில் கேட்பவருக்கு முந்தைய மூவரின் கேள்விகளும் துப்பு. அழகை வைத்து அந்த நாற்காலியில் ஒன்பது வருஷம் உட்கார முடியாது.

கருப்புவெள்ளை: நன்றி. என்னிடம் உள்ளது டேப்பா, கினஸ்கோப்பா?

ஆர்த்திகான்: 1956 நவம்பருக்கு முந்தையது என்றால் கினஸ்கோப்தான், நெட்வொர்க் டேப் ஒளிபரப்பே அப்போதுதான் தொடங்கியது. கினஸ்கோப் என்பது திரையை ஃபிலிம் கேமராவால் படமெடுப்பது. டிவி நொடிக்கு 30 ஃபிரேம் (தனிப் படம்), ஃபிலிம் 24. சரியாக ஒத்துப்போகாவிட்டால் படத்தின் குறுக்கே ஒரு மெல்லிய பட்டை தெரியும். கை வேகமாக அசையும் இடத்தில் நிறுத்திப் பாருங்கள்.