குட் வைப்ரேஷன்ஸ் கடையை விற்றது துரோகமா?

செந்தாழை:
இந்தக் கடையின் கதையை நினைத்தாலே எனக்கு வயிறு எரிகிறது. பாலியல் கல்வியாளர் ஜோனி பிளாங்க் 1977இல் சான் பிரான்சிஸ்கோவில் பெண்களை மனதில் வைத்துத் திறந்த, வைப்ரேட்டர் எனும் பாலியல் இன்பத்துக்கான அதிர்வுக் கருவிகளை விற்கும் சின்னஞ்சிறு கடை அது. 1992இல் அங்கே வேலை பார்த்தவர்களுக்கே விற்றுக் கூட்டுறவாக்கினார். 2006இல் கூட்டுறவு போய்ச் சாதாரண கம்பெனி ஆனது. மறு வருடமே கிளீவ்லாந்தில் உள்ள ஒரு மொத்த வியாபார நிறுவனம் வாங்கிவிட்டது. ஆண்களுக்கான எந்த மாதிரி இருட்டு ஆபாசக் கடைகளுக்கு மாற்றாக ஜோனி இதைத் தொடங்கினாரோ, அந்தக் கடைகளுக்குச் சரக்கு அனுப்பும் தொழிலில் இருந்தவர்கள் அவர்கள். இது துரோகம் இல்லையா?

ஆறுமுகம்:
துரோகம் பெரிய வார்த்தை, தோழி. ஒரு காலத்தில் இந்தப் பொருட்களுக்கு இவர்களை விட்டால் ஆளில்லை. இணையம் வந்தபின் எல்லாம் எங்கும் கிடைத்தது, விலையும் இறங்கியது. கையில் காசில்லாமல் தடுமாறிய கடையை விற்காமல் மூடியிருந்தால் யாருக்கு லாபம்?

முல்லை:
இதற்கு முந்தைய கதையையும் சொல்கிறேன். நியூயார்க்கில் விளம்பரத் துறையில் இருந்தவர் டெல் வில்லியம்ஸ். பெண்களுக்குப் பாலியல் இன்பம் பற்றிச் சொல்லிக்கொடுத்த பெட்டி டாட்சனின் பயிற்சி வகுப்புக்குப் போய்விட்டு, உடம்பு பிடிக்கும் கருவி என்ற பெயரில் விற்ற ஹிட்டாச்சி வைப்ரேட்டரை வாங்க ஒரு பெரிய அங்காடிக்குப் போனார். கவுண்டரில் இருந்த இளைஞன், சுற்றி நின்றவர்கள் காதில் விழும்படி "இது எதற்கு உங்களுக்கு?" என்று கேட்டான். அவருக்கு அப்போது ஐம்பது வயது தாண்டியிருந்தது. வாங்கிக்கொண்டு கூனிக்குறுகி வெளியே வந்தவர், 1974இல் ஈவ்ஸ் கார்டன் என்று ஒரு கடையைத் தானே தொடங்கிவிட்டார், முதலில் தபால் வழியாக.

எங்கள் ஊர் மருந்துக்கடையில் நாப்கினைச் செய்தித்தாளில் சுற்றி, கருப்புப் பையில் போட்டுத் தருவார்கள். பதினாறு வயதில் அந்தப் பையை வாங்கியபோது ஏதோ திருட்டுப் பொருள் வைத்திருப்பதுபோல் இருந்தது. டெல்லின் கதையைப் படித்தபோது அந்தப் பைதான் ஞாபகம் வந்தது. அதனால் முதலாளி யார் என்பதைவிட, கடைக்குள் வருகிறவளிடம் எப்படிப் பேசுகிறார்கள் என்பதுதான் எனக்கு முக்கியம்.

செந்தாழை:
எப்படிப் பேசுவது என்பதை முடிவு செய்கிறவர் முதலாளிதானே, முல்லை? போட்டிக்கு வரப்போகிறவர்களிடமே தொழில் ரகசியத்தைச் சொல்லிக்கொடுத்தவர் ஜோனி. சரக்கு எங்கே வாங்குவது என்பது உட்பட. இப்படிப்பட்ட கடை ஊருக்கு ஊர் வரவேண்டும் என்று அவர் நினைத்தார். லாபக் கணக்கு பார்க்கும் எந்தக் கம்பெனி இதைச் செய்யும்?

ஆறுமுகம்:
லாபம் பார்த்தால் பெண்களுக்கு நல்லது நடக்காதா? ஜெர்மனியின் பேயாட்டே ஊசே முழு வியாபாரி. போருக்குப் பிறகு, கர்ப்பம் தரிக்கப் பயந்துகொண்டிருந்த பெண்களுக்குப் பாதுகாப்பான நாட்களைக் கணக்கிடும் முறையைத் துண்டுப் பிரசுரமாக விற்றுத்தான் தொடங்கினார். 1962இல் ஃபிளென்ஸ்பர்க்கில் பாலியல் பொருட்கள் கடை திறந்தார். 1999இல் கம்பெனி பங்குச்சந்தைக்கே வந்தது.

செந்தாழை:
வந்து? 2017இல் திவால். பெண்களுக்குப் பிரசுரம் அச்சிட்டுத் தொடங்கிய கம்பெனி, ஆண்களுக்கு ஆபாசப் படம் காட்டும் கம்பெனியாக வளர்ந்தது. நான் சொல்வதும் அதைத்தான்.

நெய்தல்:
சான் பிரான்சிஸ்கோ போல்க் தெருக் கிளையில் பழைய வைப்ரேட்டர்களைக் கண்ணாடிப் பெட்டியில் வைத்திருக்கிறார்கள். ஜோனி சேர்க்கத் தொடங்கியவை. கையால் சுற்றும் கைப்பிடி வைத்த ஒன்று, முட்டை அடிக்கும் கருவி மாதிரியே இருந்தது. அங்கே இருந்த பெண்ணிடம் அரை மணி நேரம் கேள்வி கேட்டேன், எதுவும் வாங்கவில்லை. அவர் முகம் சுளிக்கவில்லை. நான் போனது விற்பனைக்குப் பல வருடம் கழித்து.

ஆறுமுகம்:
இதைத்தான் சொன்னேன். கை மாறியும் கடையின் குணம் மாறவில்லை.

செந்தாழை:
அந்தப் பெண்ணை நானும் மதிக்கிறேன். ஆனால் கவுண்டருக்குப் பின்னால் நிற்கிற அவர் பக்கமிருந்து பாருங்கள். 1992இல் அந்த வேலையில் இருந்தவருக்குக் கடையில் பங்கு இருந்தது. சியாட்டிலில் 1993இல் இரண்டு பெண்கள் தொடங்கிய பேப்லேண்ட் கடையின் நியூயார்க் ஊழியர்கள் 2016இல் தொழிற்சங்கம் அமைத்தார்கள். அடுத்த வருடம் அந்தக் கடையைக் குட் வைப்ரேஷன்ஸே வாங்கியது.

முல்லை:
சங்கம் அமைத்தது எனக்குத் தெரியாது, செந்தாழை. உள்ளே வருகிறவளைப் பற்றியே பேசிக்கொண்டிருந்தேன். நாள் முழுக்க நின்றுகொண்டு அவளுக்குப் பதில் சொல்கிறவளை நான் யோசிக்கவே இல்லை.

ஆறுமுகம்:
கூட்டுறவு போனதில் எனக்கும் வருத்தம் உண்டு. ஆனாலும் துரோகம் என்று சொல்ல மாட்டேன். மாற்றத்துக்கு ஓட்டுப் போட்டவர்களும் அதே ஊழியர்கள்தான்.