அக்குளில் விடாத அரிப்பு: மார்பகப் புற்றுநோயாக இருக்குமா?

பலகாரக்காரி, பள்ளத்தூர்

கேட்கவே கூச்சமாகத்தான் இருக்கிறது. வீட்டில் வாய்விட்டுச் சொல்ல முடியாத விஷயம், அதனால் இங்கே கேட்கிறேன்.

எனக்கு 43 வயது. வீட்டிலேயே பலகாரம் சுட்டுக் கொடுக்கும் தொழில். தேன்குழல், சீப்புச் சீடை, மனகோலம், அதிரசம் என்று கல்யாண வீடுகளுக்கும், மலேசியா, சிங்கப்பூருக்குக் கட்டிக்கொண்டு போகிறவர்களுக்கும் கொடுக்கிறேன். வைகாசி முகூர்த்தத்துக்கு ஆர்டர் குவிந்து கிடப்பதால் பங்குனியிலிருந்தே அடுப்புக்கு ஓய்வில்லை. பின்கட்டில் இரண்டு எண்ணெய்ச் சட்டி, மேலே தகரக் கூரை. ஃபேன் போட்டால் தீ அலைகிறது என்று அதையும் போடுவதில்லை. காலையில் நனைகிற ஜாக்கெட் ராத்திரி குளிக்கும்வரை ஈரம்தான்.

இடது அக்குளில் அரிப்பு. முதலில் வேர்க்குரு என்று விட்டுவிட்டேன். இப்போது உள்ளங்கை அகலத்துக்குச் சிவந்து, ஓரம் மட்டும் தடித்து, பொடிப்பொடியாகத் தோல் உரிகிறது. நடுவில் கருத்துப் போயிருக்கிறது. மாவு பிசைந்த கையோடு சொறிய முடியுமா? முழங்கையை விலாவில் வைத்துத் தேய்த்துக்கொண்டே நிற்கிறேன். மருந்துக்கடையில் ஒரு டியூப் கொடுத்தார்கள். போட்ட மறுநாளே அடங்கியது. நிறுத்தியதும் முன்பைவிட அகலமாக வந்தது. திரும்ப வாங்கிப் போட்டேன், திரும்பவும் அதே கதை.

இந்த நேரம் பார்த்து என் நாத்தனார் வாட்ஸாப்பில் ஒன்று அனுப்பினார். அக்குள் அரிப்புதான் மார்பகப் புற்றுநோயின் முதல் அறிகுறி என்று சிவப்பு எழுத்தில் போட்டு, கீழே பத்துப் பேருக்கு அனுப்பச் சொல்லியிருந்தது. வேறு நேரமாக இருந்தால் சிரித்துவிட்டு அழித்திருப்பேன். ஆனால் என் சின்னம்மாவுக்கு மார்பில் கட்டி வந்து ஒரு பக்கம் எடுத்துவிட்டார்கள். அதிலிருந்து தூக்கம் போச்சு.

கட்டி எதுவும் கையில் தட்டுப்படவில்லை. தட்டுப்படாவிட்டால் இல்லை என்றுதான் அர்த்தமா? முகூர்த்தம் முடிந்து ஆஸ்பத்திரிக்குப் போகலாமா, இப்பவே போகணுமா?

கோட்டையூர்க்காரன்

பயப்படாதீங்க அக்கா. எலுமிச்சம்பழத்தை வெட்டித் தேய்த்து, மேலே படிகாரத்தைப் போட்டால் மூன்றே நாளில் போய்விடும். ரோல்-ஆன், ஸ்ப்ரே எல்லாவற்றையும் தூக்கிப் போடுங்கள். வியர்வையை அடைப்பதால் கழிவு உள்ளே தேங்கித்தான் மார்பகப் புற்றுநோய் வருகிறதாம்.

மருந்துக்கடை, காரைக்குடி

அண்ணே, ஏற்கெனவே சொறிந்து புண்ணாகிக் கிடக்கிற தோலில் எலுமிச்சையும் படிகாரமும் போட்டால் எரியும், கொப்புளிக்கும், இன்னும் கருக்கும். தயவுசெய்து யாரும் செய்ய வேண்டாம். ரோல்-ஆன் கதையும் பழைய கதை. 2002-இல் அமெரிக்காவில் மார்பகப் புற்றுநோய் வந்த 813 பெண்களையும் வராத 793 பெண்களையும் ஒப்பிட்டுப் பார்த்தார்கள். ரோல்-ஆன், ஸ்ப்ரே போடுவதற்கும் புற்றுநோய்க்கும் தொடர்பு தெரியவில்லை. வியர்வை வழியாக விஷம் வெளியேறுகிறது என்பதே தப்பு, அந்த வேலையைச் செய்வது கல்லீரலும் சிறுநீரகமும். வாசனைப் பொருள் சிலருக்கு ஒத்துக்கொள்ளாமல் அரிக்கும், அது வேறு விஷயம்.

அக்கா, உங்களுக்குக் கொடுத்த டியூபின் பின்பக்கத்தைப் படித்துப் பாருங்கள். குளோபெடசால், பீட்டாமெத்தசோன் என்று ஏதாவது இருக்கிறதா? இருந்தால் அது ஸ்டீராய்டு. அதோடு பூஞ்சைக்கு ஒன்று, பாக்டீரியாவுக்கு ஒன்று என்று மூன்றையும் கலந்து ஒரே டியூபில் அடைத்து விற்கிறார்கள். ஸ்டீராய்டு அரிப்பை உடனே அமுக்கும். ஆனால் இருப்பது படர்தாமரையாக இருந்தால், பூஞ்சை அடியில் சொகுசாகப் பரவும். நிறுத்தியதும் அகலமாக வந்தது என்கிறீர்களே, அதுதான் நடந்திருக்கும். அக்குள் தோல் மெலிசு, அதுவும் மடிப்பு, மருந்து அதிகமாக உள்ளே இறங்கும். பல நாள் போட்டால் பிரசவ வரி மாதிரி கோடு விழும், அது பிறகு மறையாது. ஸ்டீராய்டு க்ரீம்கள் பலவற்றை மருத்துவர் சீட்டு இல்லாமல் விற்கக்கூடாது என்று 2018-லேயே அட்டவணை எச்-சில் சேர்த்தாயிற்று. கவுண்டரில் நின்று பார்க்கிறவன் என்ற முறையில் சொல்கிறேன், யாரும் சீட்டுக் கேட்பதில்லை.

தேவகோட்டை ஆச்சி

ஆத்தா, உன் பதிவைப் படித்துவிட்டுச் சும்மா போக மனசு வரவில்லை. எனக்கு இந்த வியாதி வந்து, பார்த்து, எழுந்து உட்கார்ந்தவள் நான்.

எனக்கு அரிக்கவே இல்லை. வலிக்கவும் இல்லை. வலது மார்பில், அக்குள் பக்கம் ஒதுங்கி, புளியங்கொட்டை அளவில் ஒன்று. குளிக்கும்போது சோப்புக் கை வழுக்கிக்கொண்டு போகையில் ஒரு இடத்தில் மட்டும் தட்டியது. அழுத்திப் பார்த்தேன், நகரவில்லை. வலிக்காததால் என் வீட்டுக்காரர் 'கொழுப்புக் கட்டியாக இருக்கும்' என்றார். என் மகள்தான் கேட்கவில்லை, சென்னைக்கு இழுத்துக்கொண்டு போனாள். அக்குளிலும் ஒரு நெறி கட்டியிருந்தது அங்கே கைவைத்துப் பார்த்தபோதுதான் தெரிந்தது. அதுவும் வலியில்லாத நெறி. மார்பிலிருந்து நிணநீர் முக்கால்வாசிக்கு மேல் அக்குள் முடிச்சுகளுக்குத்தான் வடிகிறதாம். அதனால்தான் மார்பைச் சோதிக்கிறவர்கள் அக்குளையும் விடாமல் பார்க்கிறார்கள். அக்குளுக்கும் மார்புக்கும் உள்ள சம்பந்தம் அந்த முடிச்சில் இருக்கிறது, மேல்தோல் அரிப்பில் இல்லை.

இன்னொன்று சொல்கிறேன், இதை யாரும் எழுத மாட்டார்கள். எனக்கு அக்குள் அரிக்க ஆரம்பித்ததே வைத்தியத்துக்குப் பிறகுதான். ஆபரேஷனில் முடிச்சுகளை எடுக்கும்போது அந்த வழியாகப் போகிற நரம்பு அடிபடும். மேல்கையின் உள்பக்கம் மரத்துப் போகும். மரத்த இடம் அரிக்கும் ஆத்தா! சொறிந்தால் விரல் படுவது தெரியாது, அரிப்பு மட்டும் தெரியும். சுவரைச் சொறிவதா என்னைச் சொறிவதா என்று சிரித்திருக்கிறேன், அழுதும் இருக்கிறேன். பிறகு கதிர்வீச்சு வைத்தார்கள், தோல் கருத்து உரிந்து அரித்தது, அது தானாக ஆறியது. நரம்பு அரிப்பு இன்றைக்கும் எப்போதாவது வரும். அந்தக் கையில் ஊசி போடவோ ரத்த அழுத்தம் பார்க்கவோ விடுவதில்லை. அடுப்படியில் கீறிக்கொண்டால்கூட உடனே கழுவி மருந்து போடுகிறேன். நிணநீர் சரியாக வடியாத கை, புண் சீழ் வைத்தால் வீங்கிவிடும்.

ஆகவே அரிப்பும் இந்த வியாதியும் சந்திக்கவே சந்திக்காது என்று நான் சொல்லவில்லை. உன் நாத்தனார் அனுப்பிய மாதிரி முதல் அறிகுறியாக வந்து கதவைத் தட்டுவது மிக அபூர்வம் என்கிறேன்.

முகூர்த்தம் முடியட்டும் என்று உட்காராதே. பயந்து சொல்லவில்லை, இந்த அரிப்போடு நீ வைகாசி வரை எப்படி எண்ணெய்ச் சட்டி முன்னால் நிற்பாய்? அடையாறு ஆஸ்பத்திரியை 1954-இல் தொடங்கிய முத்துலட்சுமி ரெட்டி நம் பக்கத்துப் புதுக்கோட்டையில் பிறந்தவர். தங்கையைப் புற்றுநோய்க்குப் பறிகொடுத்த பிறகுதான் அப்படி ஒன்று கட்டவேண்டும் என்று அலைந்தார். இப்போது சென்னை வரை போகவேண்டியதில்லை, உங்கள் பக்கத்து ஆரம்ப சுகாதார நிலையத்திலேயே 30 வயதுக்கு மேற்பட்ட பெண்களுக்கு மார்பையும் கர்ப்பப்பை வாயையும் பார்க்கிறார்கள். காசு கிடையாது.

தோல் பிரிவு செவிலியர், மதுரை

ஆச்சி சொன்னதற்கு மேல் கொஞ்சம் சேர்க்கிறேன். பார்க்காமல் இதுதான் என்று சொல்லக்கூடாது. ஆனால் ஓரம் தடித்து, உரிந்து, நடுவில் கருத்து, நாள்பட அகலமாகிறது என்றால் எங்கள் ஓபியில் முதலில் நினைப்பது படர்தாமரையைத்தான். ஓரத்தில் கொஞ்சம் சுரண்டி, பொட்டாசியம் ஹைட்ராக்சைடு விட்டு மைக்ராஸ்கோப்பில் பார்த்தால் பூஞ்சை இழை தெரிந்துவிடும். போகுமுன் சில நாள் க்ரீம் எதுவும் போடாமல் போங்கள்.

இரண்டு விஷயம் கேட்க வேண்டும். உங்களோடு மாவு பிசைகிறவர்களுக்கும் வீட்டில் மற்றவர்களுக்கும் அரிக்கிறதா? விரலிடுக்கு, மணிக்கட்டு, தொப்புளைச் சுற்றி, ராத்திரியில் அதிகமாக? அப்படியென்றால் சிரங்கு. அக்குள் மடிப்பு அதற்குப் பிடித்த இடம். அதற்கு வீட்டில் எல்லோரும் ஒரே நாளில் மருந்து பூச வேண்டும், ஒருவர் மட்டும் பூசினால் வீண். அடுத்தது, சர்க்கரை பார்த்து எவ்வளவு காலம் ஆயிற்று? மடிப்புகளில் பூஞ்சை திரும்பத் திரும்ப வருகிறவர்களுக்கு நாங்கள் முதலில் சர்க்கரைதான் பார்ப்போம்.

மார்பகப் புற்றுநோயில் அரிப்பு வருகிற வகை இரண்டு உண்டு, இரண்டும் அபூர்வம். ஒன்று பேஜட் நோய். அரிப்பது அக்குளில் இல்லை, காம்பில். ஒரு பக்கக் காம்பு மட்டும் எக்சிமா மாதிரி சிவந்து, பொருக்குத் தட்டி, கசிந்து, க்ரீமுக்கு அடங்காமல் கருவட்டத்துக்குப் பரவும். தாய்ப்பால் கொடுக்காத வயதில் ஒரு காம்பில் மட்டும் ஆறாத புண் என்றால் தோல் டாக்டரோடு நிறுத்தாதீர்கள், அறுவைச் சிகிச்சைப் பிரிவில் சின்னச் சதைத்துண்டு எடுத்துப் பார்க்கச் சொல்லுங்கள். இன்னொன்று அழற்சி வகை. மார்பு சில வாரத்திலேயே வீங்கி, சூடாகி, சிவந்து, தோல் ஆரஞ்சுப் பழத் தோல் போலக் குழி குழியாகும். கட்டி தட்டுப்படாமலே வரும். பால்கட்டு என்று நினைத்து ஆன்டிபயாடிக் கொடுப்பார்கள். அதில் குறையவில்லை என்றால் அங்கே நேரம் கடத்தக்கூடாது.

கட்டி தட்டுப்படாவிட்டால் இல்லை என்று அர்த்தமா என்று கேட்டீர்கள். இல்லை. சின்னதாக இருக்கும்போது கைக்குத் தெரியாது. அதற்குத்தான் மார்பை எக்ஸ்ரே எடுத்துப் பார்க்கிற மேமோகிராம். உங்களுக்கு 40 தாண்டியாயிற்று, சின்னம்மாவுக்கும் வந்திருக்கிறது, அரிப்பு இருந்தாலும் இல்லாவிட்டாலும் ஒரு தடவை டாக்டரிடம் கேட்டு எடுத்துவிடுங்கள். சின்னம்மாவுக்கு எந்த வயதில் வந்தது, குடும்பத்தில் வேறு யாருக்காவது மார்பிலோ சினைப்பையிலோ வந்ததா என்று அம்மாவிடம் விசாரித்துக்கொண்டு போங்கள், கட்டாயம் கேட்பார்கள். அன்றைக்கு அக்குளில் பவுடர், ரோல்-ஆன் எதுவும் வேண்டாம். அந்தத் துகள் படத்தில் சுண்ணாம்புப் புள்ளி மாதிரி விழுந்து குழப்பும்.

பலகாரக்காரி, பள்ளத்தூர்

எல்லோருக்கும் நன்றி. ஆச்சி, சுவரைச் சொறிகிற இடத்தில் நானும் சிரித்துவிட்டேன்.

போய் வந்தாயிற்று. டியூபின் பின்பக்கம் குளோபெடசால் என்றுதான் இருந்தது. அரசு ஆஸ்பத்திரியில் தோல் டாக்டர் சுரண்டிப் பார்த்துப் படர்தாமரை என்று சொன்னார். தனிப் பூஞ்சை க்ரீம் ஒன்று, மாத்திரை ஒன்று. சிவப்பு மறைந்த பிறகும் சொன்ன நாள்வரை போடணும், தடிப்பைத் தாண்டி இரண்டு விரல்கடை வெளியே வரை தடவணும் என்றார். உடன் வேலை செய்கிற பெண்களுக்கு அரிப்பு இல்லை, அதனால் சிரங்கு இல்லை. சர்க்கரைதான் எல்லையில் நிற்கிறது. பலகாரம் சுடுகிறவளுக்கு ருசி பார்க்காதே என்று சொன்னால் எப்படி, அதை அப்புறம் தனியாகக் கேட்கிறேன்.

அங்கேயே செவிலியர் அம்மா மார்பையும் அக்குளையும் பார்த்தார். முடிச்சு எதுவும் இல்லை. சின்னம்மா கதையைச் சொன்னதும் மேமோகிராமுக்கு எழுதிக் கொடுத்தார்கள், அதையும் எடுத்துவிட்டேன். சந்தேகப்பட ஒன்றும் இல்லை என்று ரிப்போர்ட் வந்தது. சின்னம்மாவுக்கு 58 வயதில் வந்ததாம், வேறு யாருக்கும் இல்லை.

அடுப்படியில் இரண்டு ஜாக்கெட் மாற்றுகிறேன், மத்தியானம் ஒரு குளியல். துவைத்ததை நிழலில் போடாமல் முற்றத்து வெயிலில் உள்பக்கம் வெளியே தெரியும்படி காயப் போடுகிறேன். துண்டைத் தனியாக வைத்துக்கொண்டேன். அரிப்பு பாதிக்கு மேல் குறைந்துவிட்டது.

புதுவயல் தங்கச்சி

அக்கா, மேமோகிராம் ரொம்ப வலிக்குமா? எனக்கும் எழுதிக் கொடுத்திருக்கிறார்கள், பயத்திலேயே தள்ளிப்போட்டுக்கொண்டு வருகிறேன்.

பலகாரக்காரி, பள்ளத்தூர்

இரண்டு தட்டுக்கு நடுவில் வைத்து அழுத்துகிறார்கள், அந்தச் சில விநாடி பல்லைக் கடிக்கணும். எனக்கு அடுப்புச் சூடு பட்டதைவிடக் குறைவுதான். மாதவிடாய் முடிந்த அடுத்த வாரம் போ, அப்போது மார்பு அவ்வளவு வலிக்காது. நைட்டியோ ஒரே துணியாக உடுத்துகிற உடையோ வேண்டாம், இடுப்புக்கு மேல் மட்டும் கழற்றுகிற மாதிரி புடவையோ சுடிதாரோ போட்டுக்கொண்டு போ. எடுக்கிறவர் பெண்தான் என்று போன் பண்ணிக் கேட்டுக்கொண்டேன், நீயும் கேட்டுக்கொள். பழைய படம் ஏதாவது இருந்தால் அதையும் எடுத்துக்கொண்டு போ, ஒப்பிட்டுப் பார்ப்பார்கள்.