பிரெஞ்சு டிவியில் சொல்லும் 49.3: ஓட்டே இல்லாமல் சட்டமா?

காரைக்கால்வாசி: நம்மூர் பிரெஞ்சுக் குடியுரிமைக் குடும்பங்களில் ராத்திரி இந்த விவாதம்தான் ஓடுது. 49.3-ன்னா பிரான்ஸ் அரசியலமைப்பின் 49-ஆம் பிரிவு, 3-ஆம் பத்தி. ‘49.3 போட்டாச்சு, மசோதா பாஸ்’ என்கிறார் டிவி விமர்சகர். எப்படிங்க?

திருநள்ளாறு: அவர் பாதிதான் சொல்றார். பிரதமர் தன் அரசையே பணயம் வைக்கிறார். 24 மணி நேரத்தில் நம்பிக்கையில்லாத் தீர்மானம் வராவிட்டால், தேசிய சட்டமன்றத்தில் (பிரான்ஸின் கீழவை) மசோதா நிறைவேறியதாகக் கணக்கு. தீர்மானத்துக்கு 577 உறுப்பினரில் 58 பேர் கையெழுத்து வேணும். 48 மணி நேரம் கழித்துத்தான் ஓட்டு. தீர்மானத்துக்கு ஆதரவான ஓட்டை மட்டுமே எண்ணுவாங்க, அரசு கவிழ 289 வேணும். வராதவங்க, நடுநிலை எல்லாம் அரசுக்கே லாபம். பலரும் தப்பாப் புரிஞ்சுக்கிறது இங்கதான்.

கும்பகோணம்: 2024 டிசம்பர் 4-ல் இப்படி 331 ஓட்டு விழுந்து பிரதமர் மிஷேல் பார்னியே அரசு கவிழ்ந்தது. சமூகப் பாதுகாப்பு நிதி மசோதாவும் கூடவே போச்சு.

காரைக்கால்வாசி: எத்தனை தடவை வேணும்னாலும் போடலாமா?

திருநள்ளாறு: பட்ஜெட்டுக்கும் சமூகப் பாதுகாப்பு நிதிக்கும் வரம்பு இல்லை. மற்றபடி, 2008 அரசியலமைப்புத் திருத்தத்துக்கு அப்புறம் ஒரு கூட்டத்தொடருக்கு ஒரே மசோதாதான்.