மௌனக் குறும்படமாக ஓர்ஃபியஸ் கதை: பனியில் மறைவதை எப்படி எடுப்பது?

பூம்பாறை_24:
ஓர்ஃபியஸ் - யூரிடிசி என்ற கிரேக்கக் கதையை மௌனக் குறும்படமாகக் கொடைக்கானலில் எடுக்கிறோம். பாடகன் ஓர்ஃபியஸ், பாம்பு கடித்து இறந்த மனைவி யூரிடிசியைத் தன் பாட்டின் வலிமையால் பாதாளத்திலிருந்து கூட்டி வருகிறான். மேலே வந்து சேரும்வரை திரும்பிப் பார்க்கக் கூடாது, பார்த்துவிடுகிறான். அவள் மறைவதைப் பனிமூட்டத்தில் எப்படி எடுப்பது? சத்தமே இல்லாத படத்தில் அவன் பாட்டை எப்படிக் காட்டுவது?

வில்பட்டி_லென்ஸ்:
தம்பி, ட்ரைபாட் அசையாமல் அவளோடு ஒரு ஷாட், அவள் இல்லாமல் ஒரு ஷாட். எடிட்டில் 3 நொடி டிசால்வ், அதாவது முதல் ஷாட் கரைந்து அடுத்தது தெரியும். கெடுப்பது பனிதான். நிமிஷத்துக்கு நிமிஷம் அடர்த்தி மாறுவதால் பின்னால் இருக்கிற மரங்கள் ஒத்துப்போகாது. அதனால் கேமராவை நிறுத்தாதீங்க. அவள் நடித்து முடித்து விலகட்டும், அப்படியே ஒரு நிமிஷம் ஓடட்டும். ஓர்ஃபியஸ் அசைந்துவிட்டால் எடிட்டில் மாஸ்க் போட்டு அவள் நின்ற பாதியை மட்டும் கரைய விடுங்க. எக்ஸ்போஷர், ஒயிட் பேலன்ஸ், ஃபோகஸ் மூன்றும் மேனுவல். ஆட்டோஃபோகஸ் பனியில் அலைபாயும். அவளுக்கு வெள்ளை உடை வேண்டவே வேண்டாம், மறைவதற்கு முன்பே பனியோடு போய்விடுவாள்.

குளிரிலிருந்து அறைக்குள் வந்ததும் கேமரா பையை அரை மணி நேரம் திறக்காதீங்க, லென்ஸில் நீர் பூக்கும்.

கூக்கால்:
பாட்டுக்காக யாழ் மீட்டும் விரலையே காட்டிக்கொண்டிருந்தால் பார்ப்பவருக்கு ஒன்றும் கேட்காது. ரோமானியக் கவிஞர் ஓவிட் ‘உருமாற்றங்கள்’ 10ஆம் நூலிலேயே வழி காட்டியிருக்கிறார். அவன் பாடியதும் பாதாளத்தில் ஓயாத தண்டனை அனுபவிப்பவர்களே நின்றுவிட்டார்கள்: இக்சியோனைக் கட்டிய சக்கரம் நின்றது, பாறை உருட்டும் சிசிஃபஸ் அதன்மேலேயே உட்கார்ந்துவிட்டான், டாண்டலஸ் தண்ணீரை எட்டிப் பிடிப்பதை விட்டான். மௌனப் படத்துக்கு இதைவிட நல்ல காட்சி கிடைக்காது. உங்க ஊர்ப் படிக்கட்டு வயலில் பூண்டு பிடுங்குகிற கை பாதியில் நிற்கட்டும். அதற்கு முன் 5, 6 நொடி வேலை ஓடிக்கொண்டிருக்க வேண்டும், இல்லாவிட்டால் நின்றதே தெரியாது.

வசனத்துக்குப் பதிலாகத் திரையில் காட்டும் எழுத்து கார்டில் 8 சொல் போதும். நிதானமாக இரண்டு தடவை படிக்கும் நேரம் விடுங்க. பாதாள அரசன் ஹேடீஸின் நிபந்தனைக்குக் கட்டாயம் ஒரு கார்டு. அவன் திரும்புகிற இடத்தில் கூடவே கூடாது.

மன்னவனூர்_எடிட்:
நொடிக்கு 18 பிரேமில் எடுத்து 24இல் ஓட்டாதீங்க, அசைவு மூன்றில் ஒரு பங்கு வேகமாகி அழுகை சிரிப்பாகிவிடும். பழைய ஆர்த்தோகுரோமாடிக் பிலிமுக்குச் சிவப்பு தெரியாது. அந்தத் தோற்றம் வேண்டி எடிட்டில் சிவப்பை முழுசாக எடுத்தால் நம்ம முகமெல்லாம் இருண்டுபோகும். கறுப்பு வெள்ளையாக மாற்றும்போது சிவப்பு 25, பச்சை 50, நீலம் 25 சதவீதம் என்று தொடங்கிப் பாருங்க.

குணா குகைக்குள் இறங்க அனுமதி கிடையாது. சோலைக்காட்டுக்கு வனத்துறையின் எழுத்துமூல அனுமதி வேண்டும்.

பூம்பாறை_24:
நன்றி அண்ணா. அவள் விலகும்போது புல் அசையுமே?

வில்பட்டி_லென்ஸ்:
பாறைமேலோ மண்பாதையிலோ நிற்க வையுங்க.