கம்பெனி லிக்விடேஷனில் போய்விட்டது, 7 மாதச் சம்பளப் பாக்கி வருமா? (அவசரம்)

தறிகெட்டவன் | 12 மார்ச் 2025, இரவு 11:40
வணக்கம். நான் வேலை பார்த்த கம்பெனியை மூடிவிட்டார்கள். 7 மாதச் சம்பளம் பாக்கி. பழைய நண்பர் வாட்ஸப்பில் ஒரு பேப்பர் விளம்பரத்தைப் போட்டோ எடுத்து அனுப்பி, "கடைசித் தேதி நெருங்குது, கிளெய்ம் போடு" என்கிறார். போட்டோவில் பாதி மங்கல். வக்கீல் வைக்க வேண்டுமா? பணம் வருமா, வராதா? சீக்கிரம் சொல்லுங்கள்.

கணக்குப்பிள்ளை | இரவு 11:58
எப்போது மூடினார்கள், எப்படி மூடினார்கள்? ஆர்ஓசி (கம்பெனிப் பதிவாளர்) பதிவேட்டிலிருந்து பெயரை நீக்குவது ஒன்று, முதலாளிகளே விரும்பிக் கலைப்பது இன்னொன்று, என்சிஎல்டி (கம்பெனிச் சட்டத் தீர்ப்பாயம்) உத்தரவுப்படி லிக்விடேட்டர், அதாவது சொத்தை விற்றுக் கடனைத் தீர்ப்பவர், வருவது வேறு. விளம்பரத்தின் மேலே "ஃபார்ம் பி" (லிக்விடேஷன் அறிவிப்புப் படிவம்) என்று இருக்கிறதா பாருங்கள்.

லேபர்கோர்ட் ராஜா | 13 மார்ச், காலை 6:15
லேபர் கோர்ட்டில் கேஸ் போடுங்கள் தம்பி. என் மச்சானுக்கு அப்படித்தான் வந்தது. இந்தப் படிவம் கிடிவம் எல்லாம் கண்துடைப்பு.

சட்டப்புள்ளி | காலை 8:02
ராஜா அண்ணே, உங்கள் மச்சான் கம்பெனி அப்போது ஓடிக்கொண்டிருந்ததா? லிக்விடேஷன் உத்தரவு வந்தபின் கம்பெனி மேல் புது வழக்குப் போட திவால் சட்டத்தின் பிரிவு 33(5) விடாது. லிக்விடேட்டரிடம்தான் போக வேண்டும்.

நல்லசிவம் | காலை 8:30
இதே கேள்வி மாதம் நாலு முறை வருகிறது. மேலே தேடு பெட்டி அழகுக்கா இருக்கிறது? 2016 திவால் சட்டம், பிரிவு 53, யாருக்கு முதலில் பணம் என்கிற வரிசை. படித்துவிட்டு வாருங்கள், பேசலாம்.

மல்லிகா தேவி | காலை 8:41
படித்துப் புரிந்திருந்தால் அவர் ஏன் சார் நடுராத்திரியில் கேட்கப் போகிறார்?

தறிகெட்டவன், என்ன வேலை பார்த்தீர்கள்? எந்தெந்த மாதப் பாக்கி?

தறிகெட்டவன் | மதியம் 1:10
மன்னிக்கவும், டென்ஷனில் விட்டுவிட்டேன். ஃபார்ம் பி தான். உத்தரவு தேதி 18.02.2025. பாக்கி 2023 அக்டோபரிலிருந்து 2024 ஏப்ரல் வரை, அதோடு நின்றுவிட்டேன். குவாலிட்டி சூப்பர்வைசர், மாதம் 31,000. நண்பர் 12 மாதம்தான் தருவார்கள் என்கிறார். 7 மாதம் 12-க்குள் அடங்கிவிடுமே?

கணக்குப்பிள்ளை | மதியம் 2:25
அடங்காது. எல்லாரும் இடறுகிற இடம் இதுதான். 12 மாதம் என்பது நீங்கள் வேலையை விட்ட நாளிலிருந்து அல்ல, லிக்விடேஷன் உத்தரவிலிருந்து பின்னோக்கி எண்ண வேண்டும். அதாவது 18.02.2024-க்குப் பின் வருவது மட்டும். உங்கள் 2,17,000-இல் பிப்ரவரி கடைசி 12 நாள், மார்ச், ஏப்ரல், எல்லாம் சேர்த்து சுமார் 75,000 தான் அந்த வரிசையில் வரும். மீதி பிரிவின் கீழ்க்கோடியில் "மற்ற கடன்கள்" கூட்டத்தில் போய் நிற்கும். அங்கே பணம் வந்து சேர்வது அபூர்வம்.

சட்டத்தின் கண்ணில் நீங்கள் "தொழிலாளர்" என்றால் கதையே வேறு. அவர்களுக்கு 24 மாதம், அடமானச் சொத்தின் மேலுள்ள தனி உரிமையை விட்டுக்கொடுத்த வங்கிகளோடு சமவரிசை. உங்கள் ஏழு மாதமும் உள்ளே வந்துவிடும்.

சட்டப்புள்ளி | மதியம் 2:50
சூப்பர்வைசர் என்பதுதான் இடிக்கிறது. இன்றைய (2025 மார்ச்) நிலவரத்தில், 1947 தொழில் தகராறு சட்டப்படி, மேற்பார்வை வேலை பார்த்து மாதம் 10,000-க்கு மேல் வாங்கினால் தொழிலாளர் அல்ல. ஆனால் பதவிப் பெயர் முடிவு செய்வதில்லை, செய்த வேலைதான். நீங்கள் கையில் வெர்னியர் அளவுகருவி பிடித்து அளந்து ரிப்போர்ட் எழுதினீர்களா, இல்லை ஆட்களுக்கு ஷிப்ட் போட்டு லீவு கொடுத்தீர்களா?

தறிகெட்டவன் | மாலை 4:05
அளந்ததுதான். எனக்குக் கீழே யாரும் இல்லை. பெயருக்குத்தான் சூப்பர்வைசர்.

கணக்குப்பிள்ளை | மாலை 4:40
அப்படியானால் அதையே எழுதுங்கள். ஃபார்ம் "ஈ" (ஊழியர் கிளெய்ம் படிவம்), நேரிலோ தபாலிலோ மெயிலிலோ லிக்விடேட்டருக்கு அனுப்பலாம். வக்கீல் கட்டாயமில்லை. உத்தரவிலிருந்து 30 நாள், அதாவது மார்ச் 20. விளம்பரத்தில் உள்ள தேதியோடு ஒத்துப் பாருங்கள். அப்பாயின்ட்மென்ட் லெட்டர், பேஸ்லிப், சம்பளம் வரவு நின்றதைக் காட்டும் பேங்க் ஸ்டேட்மென்ட், பாக்கி கேட்டு எழுதிய மெயில் எல்லாம் இணையுங்கள். நிராகரித்தால் 14 நாளுக்குள் என்சிஎல்டி-யில் அப்பீல். அந்தக் கெடுவை விட்டுவிடாதீர்கள்.

லேபர்கோர்ட் ராஜா | மாலை 5:30
கிராஜுவிட்டியை யாரும் பேசவில்லையே? அது கம்பெனி சொத்தே அல்ல, முதலில் அதைத் தர வேண்டும். ஜெட் ஏர்வேஸ் வழக்கில் 2023-இலேயே முடிந்த விஷயம்.

நல்லசிவம் | மாலை 6:10
அரைகுறை. கம்பெனி சொத்தில் சேராது என்று பிரிவு 36(4) சொல்வது பிஎஃப், பென்ஷன், கிராஜுவிட்டி "நிதி"யிலிருந்து வர வேண்டிய தொகை. கம்பெனி தனியாக கிராஜுவிட்டி நிதியே வைக்காமல் விட்டிருந்தால் என்ன என்பதில்தான் வழக்குகளே நடந்தன. தவிர, ஜெட் அப்போது ரெசல்யூஷனில், அதாவது கம்பெனியை மீட்கும் கட்டத்தில் இருந்தது. லிக்விடேஷன் உத்தரவு வந்தது 2024 நவம்பரில்.

லேபர்கோர்ட் ராஜா | மாலை 6:22
முதலாளி நிதி வைக்காத தப்புக்குத் தொழிலாளி பட்டினியா? நல்ல நியாயம்.

நல்லசிவம் | மாலை 6:25
நியாயம் வேறு, தீர்ப்பு வேறு. நான் தீர்ப்பைச் சொன்னேன்.

மல்லிகா தேவி | மாலை 7:00
நீங்கள் இருவரும் தனியாக ஓர் இழை தொடங்கிச் சண்டை போடுங்களேன். அவருக்கு இன்னும் ஏழு நாள்தான் இருக்கிறது.

ஓடைக்கரை | இரவு 9:15
நடுவில் புகுவதற்கு மன்னிக்கவும். லிக்விடேஷனுக்கு முன் ஆர்பி (மீட்புக் கட்டத்தில் கம்பெனியை நடத்துபவர்) வந்து நடத்தினாரே, அந்த மாதங்களிலும் நான் வேலைக்குப் போனேன். எனக்கும் இதே வரிசையா?

சட்டப்புள்ளி | இரவு 9:40
கம்பெனி அப்போது ஓடிக்கொண்டிருந்து, நீங்கள் உண்மையிலேயே வேலை செய்திருந்தால் அந்தச் சம்பளம் திவால் நடைமுறைச் செலவு, எல்லாருக்கும் முன்னால். 2022 உச்ச நீதிமன்றத் தீர்ப்பு. வருகைப் பதிவுக்கு ஆதாரம் தேடி வையுங்கள். வெறுமனே பெயர் பட்டியலில் இருந்தது போதாது.

தறிகெட்டவன் | 19 மார்ச், காலை 10:20
நேற்று மெயிலில் அனுப்பிவிட்டேன், முழு 2,17,000-க்கும். கிடைத்தது என்று ஒரு வரி பதில் வந்தது. எல்லாருக்கும் நன்றி. பிஎஃப் பாஸ்புக்கும் பார்த்தேன், 2023 ஜூலையோடு வரவு நிற்கிறது.

கணக்குப்பிள்ளை | காலை 10:31
இதை இப்போதுதானா சொல்வது! ஆகஸ்ட், செப்டம்பர் பேஸ்லிப்பில் பிஎஃப் பிடித்தம் காட்டியிருக்கிறார்களா? காட்டியிருந்தால் பிஎஃப் ஆபீசில் இன்றே தனியாகப் புகார் போடுங்கள்.

கணக்குப்பிள்ளை | 27 மார்ச், இரவு 8:00
தறிகெட்டவன், இருக்கிறீர்களா?